எழுநூறாம் படிவம்

ஒன்றரை குதிரைத்திறன் மோட்டார். காயில் கருகியிருந்தது.
தேவனாம்பட்டினத்து உப்புக்காற்று
ஜெனரல் வீடு, வலைக்காரர் வீடு என்று பார்ப்பதில்லை.

டிரைவர் இல்லை. காரில் நட்சத்திரத் தகடு இல்லை.
டிக்கியிலிருந்து அவரே தூக்கி வந்தார்,
இடது இடுப்பைச் சாய்த்து,
எரிபொருள் டின் தூக்கிய அதே சாய்வு.
"கலிவரதன் கடை இதுதானே?"
நான்தான் என்று சொல்லவில்லை.
"வியாழக்கிழமை வாங்க சார்."

மேஜர் ஜெனரல் பாடலீஸ்வரன்.
திருப்பாதிரிப்புலியூர்ச் சாமி பேரை
நாக்கில் மடக்கத் தெரியாத வடக்கத்தியர்கள்
பேட் சார் என்றார்கள்.
அப்போது கேப்டன். பீரங்கிப் படையிலிருந்து பறக்க வந்தவர்.
"சுட்டது போதும் கலி,
எங்கே விழுதுன்னு பாக்கணும்" என்பார்.

நான் இன்ஜின் ஆள்.
மைனஸ் இருபதில்
கையுறையைக் கழற்றினால்தான் நட்டு பிடிபடும்.
தோல் இரும்போடு ஒட்டிக்கொண்டு வரும்.
எழுநூறாம் படிவத்தில்
பறக்கத் தகுதி என்று நான் கையெழுத்துப் போடுவேன்.
அவர் சீட்டாவைச் சுற்றி ஒரு நடை நடப்பார்.
வாலைத் தொடுவார்,
விசிறியை ஒரு விரலால் நகர்த்துவார்,
சந்தையில் மாட்டின் பல் பார்ப்பவர் போல
எண்ணெய்க் கண்ணாடிக்குள் குனிவார்.
பிறகு என் பெயருக்குக் கீழே அவர் பெயர்.
நான்கு வருடம், ஆயிரத்துச் சொச்சம் தடவை.
என் பெயரும் என் மனைவி பெயரும்
இத்தனை தடவை ஒரே தாளில் வந்ததில்லை.

பனிச்சரிவில் இரண்டு பேர் கிடந்த அன்று
இருக்கையைக் கழற்று என்றார். கழற்றினேன்.
கதவையும் என்றார்.
கடைசியில் கைக்கடிகாரத்தை அவிழ்த்து என்னிடம் தந்தார்.
அந்த எடை எந்தக் கணக்கிலும் வராது,
இருவருக்கும் தெரியும்.
அவர் திரும்பும்வரை
அதற்குச் சாவி கொடுத்துக்கொண்டே இருந்தேன்.

மேஜர். கர்னல். பிரிகேடியர்.
தோள் கனக்கக் கனக்க
தரையில்தான் இருக்க வேண்டியிருந்தது.
இறக்கை சட்டையில் மட்டும்.

ரோத்தேலா விழுந்த வருடம்
அவருக்கு டெல்லியில் மேசை.
இருநூற்றுப் பன்னிரண்டு பக்க விசாரணைக் கோப்பு.
நடுவில் எங்கோ,
வால்விசிறி பேரிங் தேய்ந்துவிட்டது,
மாற்றித் தாருங்கள் என்று மூன்று கடிதம்.
எழுதியது நான்.
கடைசிப் பக்கத்தில் இரண்டே வார்த்தை: பராமரிப்புப் பிழை.
நாயக் தாமோரின் கைப்பட்டை இறங்கியது.
அவன் பெயருக்குக் கீழே
ஜெனரலின் கையெழுத்து, நன்றாகத் தெரிந்த அந்த வளைவோடு.
இந்தத் தடவை கையெழுத்துப் போட்டவர்
ஏறி உட்காரவில்லை.

காகிதம் கொடுத்துவிட்டு ஊர் வந்தேன்.
கரையேறவிட்டகுப்பத்தில் கடை.
பேருக்காக அல்ல, வாடகை குறைவு.

வியாழக்கிழமை, சொன்ன நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்னால்.
பெஞ்சு மேல் மோட்டார்.
அதைச் சுற்றி ஒரு நடை நடந்தார்.
தண்டை ஒரு விரலால் நகர்த்தினார், காது வைத்தார்.
பிறகு நின்றுவிட்டார்.

ஒவ்வொரு நட்டின் மேலும் சிவப்புப் பெயின்டில் ஒரு கோடு.
நட்டு அசைந்தால் கோடு முறியும்.
தண்ணீர் மோட்டாருக்கு யாரும் அப்படிப் போடுவதில்லை.

கட்டைவிரலை அதன் மேல் வைத்தார்.
மழித்த கன்னத்தில் ஏதோ நகர்ந்தது.
"கலி."
"சார்."
வெளியே ஐஸ் வண்டி ரிவர்ஸ் எடுத்துக்கொண்டிருந்தது.
அது போகும்வரை இருவரும் காத்திருந்தோம்.
"தாமோர்?"
"உதய்பூர் பக்கம் பஞ்சர் ஒட்டுறான் சார்."

டெலிவரிச் சீட்டில் என் கையெழுத்தைப் போட்டு
அவர் பக்கம் திருப்பினேன்.
பேனாவைத் திறந்தார், மூடினார், திறந்தார்.
"கீழேயா?"
"கீழேதான் சார்."

வளைவு இல்லாமல்,
பள்ளிக்கூடப் பையன் போல் ஒவ்வொரு எழுத்தாக, தமிழில்:
பாடலீஸ்வரன்.

நான்காயிரத்து இருநூறு. பேரம் பேசவில்லை.
"அவன் நம்பர் இருக்கா உங்கிட்ட?"

இருந்தது,
அந்தச் சீட்டுப் புத்தகத்தின் கடைசித் தாளில்.

ஆறு மாசம் வாரன்டி சார், என்றேன்.