இருக்காரு

ரெங்கம் ரயிலடிக்கு எதிர்வரிசையில்
ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு
முடிவெட்டும் நாற்காலியில் தானே உட்காருவான் சேவுகன்.
பவுடர் டப்பாவில் சாய்த்த போன்.
பத்தே முக்காலுக்கு நேரலை.

மோரேயில் பிறந்த தமிழன்.
பர்மா எல்லையில் அப்படி ஓர் ஊராம்,
அங்கே இட்லிக்கு வரிசை நிற்குமாம்.
"மணிப்பூரா? சிங்கப்பூருக்குப் பக்கமா?" என்று
முதல் நாள் கேலி எழுதியவள் நான்தான்.

இன்று நீளக்கைப் பேய்.
அடுப்பைச் சுற்றி உட்கார்ந்து கேட்கிற கதையாம்.
இங்கே போன்தான் சுடுகிறது.

புருஷன் வியாபாரத்துக்குப் போன வீடு.
ஒரு பெண், ஒரு பிள்ளை, நாணல் சுவர்.
ராத்திரியில் வெளியே ஒரு குரல்:
"பிள்ளையோட அப்பா வீட்ல இருக்காரா?"
"இருக்காரு" என்பாள்.
கையைச் சுருட்டிக்கொண்டு போய்விடும்.
மறுநாளும் வரும்.

கேள்வியை அவர்கள் பாஷையில் ஒரு தரம்,
நம் பாஷையில் ஒரு தரம் சொல்லி நிறுத்தினான்.

திரையில் ஏறத் தொடங்கியது:
இருக்காரு.
இருக்காரு அண்ணே.
இருக்காரு — இது காயாம்பூ. அவள் புருஷன்
ஜோகூர் பாருவில் வேறு வீடு வைத்து மூன்று வருஷம்.
இருக்காரு — பால்மரத்து லயத்து அஞ்சலை,
கருமாதி முடிந்து ஒரு வாரம்தான்.
இருக்காரு, கைகூப்பிய பொம்மையோடு,
லாயாங் லாயாங்கிலிருந்து யாரோ.

என் ஆள் துவாஸில் டிரைலர் ஓட்டுகிறார்.
ஞாயிறு வந்தால் தூங்குவார்.
வாசலில் அவருடைய பழைய பூட்ஸ்,
திருடனுக்காக வைத்தது.
காலையில் பார்த்தால் உள்ளே தவளை.

"ஒருநாள் அப்பன் நெசமாவே திரும்பி வர்றான்,
கத்தியோட இருட்டுல ஒளிஞ்சிருக்கான்…"
சேவுகன் கத்தரிக்கோலை எடுத்தான்.
கண்ணாடிக்குள் இன்னொரு சேவுகனும் எடுத்தான்.

என் விரல் எழுதிவிட்டது:
வெட்டாதீங்க.
அது ஒண்ணுதான் தினமும் வந்து கேக்குது.

அழிக்கப் பார்த்தேன். அதற்குள் நாற்பது இதயம்.

படித்தான். இன்னொரு முறை, உதடு அசையப் படித்தான்.
மோரேயில் தன் வீடு பூட்டிக் கிடக்கிறது என்று
போன வாரம் சொன்னான்;
பூட்டு இருக்கிறதா தெரியவில்லை என்றும்.
கத்தரிக்கோலை நீலத் தண்ணீரில் போட்டான்.

"கதைல வெட்டிருவான் அக்கா, நான் மாத்த முடியாது.
நாளைக்குச் சொல்றேன்."

திரை இருண்டது.
கதவைத் திறந்து பூட்ஸைக் கவிழ்த்தேன்.
இன்றைக்குத் தவளைகூட இல்லை.