மிலோஷா

"என்ன கருத்து?" எண்டு கேட்டார்
ஒட்டுசுட்டான் பதிவாளர்,
பேனை மூடியைக் கடித்தபடி.
படிவத்தில் கருத்துக்கு நிரல் இல்லை.
சும்மா கேட்டவர்தான்.
நான்தான் முழித்தேன்.

மி என்னுடையது, மிதுனாவின் மி.
லோ லோகிதனுடையது.
ஷா?
"அது வடிவுக்கு, சேர்" என்றான் லோகிதன்.
சொல்லிவிட்டு, படிவத்தின் மூலையில்
குனிந்து ஒரு பிள்ளையார் சுழி போட்டான்.
கோயில் வாசலில் செருப்பைக்கூடக் கழற்றாதவன்.

முப்பத்தொண்டுக்கு வந்த சின்ன மாமா
"மைலோ பக்கற் மாதிரிக் கிடக்கு" என்று
தானே சொல்லித் தானே சிரித்தார்.
அடுத்த கிழமை வெட்கத்தோடு
ஒரு மைலோ பெட்டி கொண்டுவந்து வைத்தார்.
பக்கத்து வளவுத் தமிழ் ரீச்சர்
அகராதியை மடியில் விரித்து விரலோட்டினா:
"மிலாறு இருக்கு, சுள்ளிக்கம்பாம்.
மிலேச்சர் இருக்கு.
பிறகு மீ வந்திட்டுது, பிள்ளை."
முள்ளியவளை எண்சாத்திரக்காரர்
இங்கிலிசில் ஒரு எச் கூடப் போட்டால்
பிள்ளை வெளிநாடு போகும் என்றார்.
நாங்கள் போடவில்லை.

நான் கிளிநொச்சி ஆடைத் தொழிற்சாலையில்
சட்டைக் கழுத்துக்கு லேபல் தைத்தவள்.
விடிய நாலே முக்காலுக்குக் கொம்பனி பஸ்.
நாளுக்கு எண்ணூறு கழுத்து.
அந்தச் சொற்களின் கருத்தும் தெரியாது எனக்கு.
பனி கொட்டும் ஏதோ ஊரில் ஒருத்தி
பிடரியில் அதைக் காவிக்கொண்டு போவாள்.
அவளை மறித்து ஒருத்தரும் கேட்பதில்லை.

கருத்துள்ள பெயர்கள் தெரியாமல் இல்லை.
வயிறு தெரிய முதலே
ஒரு கொப்பியில் எழுதத் தொடங்கியிருந்தேன்.
கலைவிழி என்று எழுதினேன்.
ஆறாம் ஆண்டில் என் பக்கத்து வாங்கு. வெட்டினேன்.
இசைமதி.
மாத்தளன் மணல். வெட்டினேன்.
அருள்நிலா என்று எழுதி
கன நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.
கோவிலடிக் கொட்டகையில் தாய் பிடித்திருக்கும் படம்
வெயிலில் நீலம் பாரித்து
இப்போது மூக்குத்தி மட்டும்தான் தெரிகிறது.
ஆட்கள் எழும்பிப் போன வீடு என்று நினைத்துப்
படலையைத் தள்ளினால்
உள்ளே விளக்கெரிகிறது.

எனக்கு வேண்டியிருந்தது
யாரும் குடியிராத ஒரு பெயர்.
அகர வரிசைப்படி ஒட்டிய எந்தத் தாளிலும்
விரல் வைத்துத் தேட முடியாத பெயர்.
மிலோஷா என்ற பெயரில்
இதுவரை ஒருத்தரும் காணாமற் போகவில்லை.
பதிவாளருக்கு இதை எப்படிச் சொல்ல?
"நல்ல பேர்தான், சேர்" என்றேன்.

நல்ல பேர்தான்.
இரவில் தனியச் சொல்லிப் பார்க்கிறேன்.
மிக்கு உதடுகள் ஒருக்கால் தொட்டு விலகும்.
லோவுக்கு வாய் சின்னக் கிணறாகும்.
ஷா, அழுகிற பிள்ளையை அமத்துகிற சத்தம்.
பெயரைச் சொல்லி முடிக்கவே
பாதித் தாலாட்டு முடிந்துவிடுகிறது.

இன்று கிளினிக்கில் நிறை பார்க்கிற நாள்.
குடும்பநல மாது அட்டையைத் தூக்கிப் பிடித்து
எழுத்துக் கூட்டினா:
மி... லோ...
வாங்குகளில் பதினேழு தாய்மார்.
ஒரு தலையும் திரும்பவில்லை.
ஒருத்திக்கும் ஒருத்தியும் நினைவில் வரவில்லை.
நான் வென்றுவிட்டேன் என்றுதான் எழும்பினேன்.

வாசலில் மோட்டார்சைக்கிள் துடைத்துக்கொண்டு நின்றான் லோகிதன்.
தன் எழுத்துக்கே நிமிராதவன்.
"...ஷா" என்று அவ முடிக்க
துணி கையில் நிற்க
சட்டென்று றோட்டைப் பார்த்தான்,
பஸ்ஸால் யாரோ இறங்கியதைப் போல.

அவனுக்கு ஒரு அக்கா. நான் கண்டதில்லை.
வீட்டில் பெயர் சொல்லுகிற வழக்கமும் இல்லை.
இரண்டே எழுத்துப் பெயர்.
முதலாவதைப் படிவத்தின் மூலையில் போட்டிருந்தான்.

பிள்ளை நாலு கிலோ எண்ணூறு.