மறுகா வாங்க

காட்ரிட்ஜை நாக்கில் வைத்தால் கசக்கும்.
பிள்ளைகள் விழுங்காமலிருக்கப் பூசியிருக்கிறார்கள்.
முப்பத்தாறு வயதில் எனக்கு இது எப்படித் தெரியும்
என்று கேட்காதீர்கள்.

ஒன்பது காட்ரிட்ஜ். ஒன்பதும் என் காசு.
மூன்றாவது, பண்டிகை முற்பணம்:
அந்தப் புதுவருஷத்துக்குச் சாரி எடுத்ததாக
அம்மாவிடம் சொன்னேன்.
அம்மா இன்னும் அந்தச் சாரியைத் தேடுகிறா.

உப்புக் காற்று யாரையும் கேட்டுத் தொடுவதில்லை.
பொன் முனைகளில் பச்சைப் புள்ளி கண்ட அன்று
எல்லாவற்றையும் பிரதியெடுப்பதென்று முடிவு.
காத்தான்குடியில் ஹஸ்மத் கன்சோலைத் திறந்து
தலைமயிரிலும் மெல்லிய கம்பியொன்றை
மூச்சை நிறுத்திக்கொண்டு பற்றவைத்தான்.
"இனி இது உங்கட சொல்லுக் கேட்கும், மிஸ்."

கேட்கவில்லை.

வெள்ளி இரவு, கரண்ட் போகாத அதிசயத்தில்
முதல் காட்ரிட்ஜ் பிரதியானது. நிறுவு என்றேன்.
பச்சைக் கோடு ஊர்ந்தது. பதினொன்று. நாற்பது.
அறுபத்து மூன்றில் ஒரு நுளம்பை அடித்தேன்.
தொண்ணூற்றொன்பதில் நின்று சொன்னது:
கையொப்பம் செல்லுபடியாகாது.

அது என் வசனம்.
ஆரையம்பதிப் பிரதேச செயலகம், மூன்றாம் கவுண்டர்,
காலை எட்டரையிலிருந்து மாலை நாலேகால் வரை
நான் சொல்லுவது.

கிரான்குளம் நல்லரெத்தினம், மேசன்.
கட்டார் போக ஒரு பிறப்புச் சான்றிதழ்.
முதல்முறை கிராம சேவகர் ஒப்பமில்லை.
அடுத்தமுறை ஒப்பமிருந்தது, முத்திரையில்லை.
மூன்றாம்முறை எல்லாமிருந்தது,
ஐயா ஃபீல்ட் போயிருந்தார்.
"மறுகா வாங்க" என்றேன்.
"நான் பிறந்தது உண்மை, பிள்ள.
கடதாசிக்குத்தான் சந்தேகம்" என்றார்.
வரிசை சிரித்தது. நானும்தான்.

இரவு பதினொன்றரைக்கு ஹஸ்மத்தை எழுப்பினேன்.
கொட்டாவிக்கு நடுவே சொன்னான்:
"ஒப்பத்தப் பார்க்காத எண்டு சொல்லுற
சின்ன ஃபைல் ஒண்டு இருக்கு மிஸ்.
போட்டா கண்ண மூடிக்கொள்ளும்."

ஒரு சின்ன ஃபைல்.
பதினான்கு வருட சேவையில்
அப்படியொரு ஃபைலை யாரும்
என் மேசையில் வைத்ததில்லை.

போட்டேன். மூடிக்கொண்டது.
ஆட்டம் திறந்தது: அதே இசை,
அதே பனி விழும் கிராமம்
(பனியை நான் கண்டதில்லை,
அதற்குள் கோவா நடத் தெரியும்).
ஒரு நாய் வந்து நின்று கேட்டது:
உங்கள் பெயர் என்ன?

என்னையா கேட்கிறாய்?
நூற்றுப்பத்து மணித்தியாலம்.
இரண்டு மாடு. கிணற்றடியில்
தபால்காரனுக்குக் கொடுக்காமல் வைத்த பரிசு.
உனக்குப் பெயர் வைத்ததே நான்.

பிரதியில் ஆட்டம் வந்திருந்தது.
ஆடியது வரவில்லை.

ஆடியதைத் தனியே எடுத்துத் தனியே வைக்கவேண்டுமாம்.
விடிய இரண்டு மணிக்கு அதையும் செய்தேன்.
நாய் வாலாட்டியது. மாடுகள் பசியோடு நின்றன.

என் பிறப்புச் சான்றிதழும் பிரதிதான்.
மூலம் தொண்ணூறில் வீட்டோடு போனது.
அதன்படி நான் பிறந்திருக்கிறேன்,
பெண், எடை குறிப்பிடப்படவில்லை.
மிச்சத்தை யார் எங்கே வைத்தார்களோ.

திங்கள் நல்லரெத்தினம் வரவில்லை.
செவ்வாயும் இல்லை.
புதன் அவர் படிவத்தை ஐயாவின் அறைக்கு
நானே கொண்டுபோனேன்.
போனில் பேசிக்கொண்டே ஒப்பமிட்டார்,
யாருடையதென்று பார்க்கவில்லை.
நீலமை குத்தி ஊதிக் காயவைத்தேன்.

லாச்சியில் கிடக்கிறது.
படிவத்திலிருந்த இலக்கம் பாவனையில் இல்லை.
கிரான்குளம் பஸ்ஸில் பதினைந்து நிமிடம்.
போகவேண்டும்.

இன்றிரவு நான்காவது காட்ரிட்ஜ்,
இருபத்தெட்டு வீதம்.
மறுகா.