துண்டித்த நிலையில் தொடங்கும்

காலை நாலேகால். கிளாக்ஸ்விக் மீன்துறை.
எடைமேடையில் ஹேடாக் மீன் ஆறு பெட்டி.
திரையில் எடை: பூஜ்யம்.

"என் மீன் என்ன, ஆவியா?" என்கிறான் ஹொக்னி.
அவன் மேல்சட்டையிலிருந்து சொட்டும் கடல்
என் அறைக்குள் வழி தேடுகிறது.
பதில் சொல்லாமல்
இயந்திரத்தை நிறுத்தி மறுபடி எழுப்புகிறேன்.

மெய்நிகர் இயந்திரம் என்று பெயர்.
நிகர் உண்டு, மெய் இல்லை.
பழைய பெட்டி உப்புக்காற்றில் இற்றுச் செத்தபோது
உள்ளே இருந்ததை மட்டும் வழித்தெடுத்து
அலமாரிக்குள் ஒரு சர்வரில் குடிவைத்தார்கள்.
குடிவந்தவர்
முந்தைய வீட்டுச் சாமான் பட்டியலையும்
கையோடு கொண்டுவந்துவிட்டார்.

எழுந்ததும் அதைத்தான் வாசிப்பார்.
ஃபிளாப்பி டிரைவைக் காணோம்.
சிடி டிரைவைக் காணோம்.
ஒலி அட்டை இல்லை.
பிரிண்டர் போர்ட் திறக்கவில்லை.
ஜாய்ஸ்டிக் எங்கே என்பார்
(மீன் எடை போடும் அறையில் அதை
யார் பொருத்தினார்களோ, கடவுளுக்கே வெளிச்சம்).
அப்புறம் பார்டூரின் ஹெட்செட்.
பார்டூர் வேலையை விட்டு ஆல்போர்க் போய்
ஐந்து குளிர்காலம் ஆகிறது.

எல்லாவற்றின் அடியிலும் ஒரே வரி:
துண்டித்த நிலையில் தொடங்கும்.
எல்லாவற்றுக்கும் என் விரல் ஒரே சொல்:
சரி.
சரி சரி சரி.
இந்த ஊரில் மழை பெய்தால்
யாரும் அண்ணாந்து பார்ப்பதில்லை.

ஆனால் இன்று
கோப்பை உதட்டுக்கு வரும் வழியில் நின்றது.

நான் எண்ணியதே இல்லை. கை எண்ணியிருக்கிறது.
ஆறு சரி, பிறகு முதல் மடக்கு காபி:
அதுதான் அதன் கணக்கு.
இன்று ஏழாவதாக ஒரு சரி கேட்டது.

மறுபடி நிறுத்தினேன். மறுபடி எழுப்பினேன்.
ஐந்து வருடத்தில் முதல் முறையாக
எழுத்துக்கூட்டி வாசித்தேன்.
ஃபிளாப்பிக்கும் சிடிக்கும் நடுவே,
அதே சாம்பல் நிறத்தில்,
அதே தாழ்ந்த குரலில்:
சீரியல் போர்ட் ஒன்று. அப்படி ஒரு சாதனம் இல்லை.
துண்டித்த நிலையில் தொடங்கும்.

அது தராசு.

அலமாரிக்குப் பின்னால் மண்டியிட்டேன்.
இரவு துடைக்க வந்த சுன்வா
வாளிக்கு இடம் வேண்டி ஒரு கேபிளைப் பிடுங்கி,
நல்லவள், சும்மா விடாமல்
பக்கத்துத் துளையில் செருகிவிட்டுப் போயிருக்கிறாள்.
ஒன்று, நான்கு ஆகிவிட்டது.
இயந்திரமோ காலி வீட்டின் கதவைத்
தட்டிக்கொண்டே இருந்திருக்கிறது.
தட்டியதைச் சொல்லவும் சொன்னது.
நான்தான் சரி என்றேன்.

ஒன்றை அழித்து நான்கு என்று எழுதினேன்.
இருநூற்று நாற்பத்தொன்றரை கிலோ.
"குறையுதே" என்றான் ஹொக்னி, அவன் வழக்கப்படி.

அவன் போனபின்
கட்டமைப்புக் கோப்பைத் திறந்து உட்கார்ந்தேன்.
ஃபிளாப்பி: உண்டு என்றிருந்ததை
இல்லை என்று திருத்தினேன்.
சிடி, இல்லை. ஒலி, இல்லை.
ஜாய்ஸ்டிக் போகும்போது கொஞ்சம் சிரிப்பு வந்தது.
பார்டூர், மன்னி, உன் காதும் இல்லை.
இனி இது வாய் திறந்தால்
நிஜமாகவே ஏதோ போயிருக்கிறது என்று பொருள்.

மறுநாள் நாலேகால்.
ஒரு முணுமுணுப்பும் இன்றித் திரை வெளுத்தது.
எடைப் படிவம் நேராக வந்து நின்றது.
அந்த அமைதியில் நான் ஜன்னலைப் பார்த்தபடி,
இடக்கையில் கோப்பையோடு,
ஆறு முறை அழுத்திவிட்டுக் குடித்தேன்.

ஏலப் பதிவேட்டில் இப்போது
ஹொக்னியின் படகின் பேரில் ஆறு வரிகள்:
ஹேடாக், பூஜ்யம். ஹேடாக், பூஜ்யம்.
வரிசையாக, கையொப்பத்தோடு.

அவன் தாளைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்தான்.
"இதையெல்லாம் எப்போது பிடித்தேன்?"