பத்து நாள்

"கடிச்சது யார் வீட்டு நாயி?"
சீட்டிலிருந்து தலை தூக்காமல் கேட்டார்
ஜெசிந்தா சிஸ்டர்.
தெருநாய் என்றேன்.
முழுப்பொய் இல்லை.
மூன்று வருடம் முன் கிருஷ்ணகிரி டோல்கேட்டில்
ஏதோ வடநாட்டு லாரியிலிருந்து குதித்து
திரும்ப ஏற மறந்துபோன நாய்.
கிளீனர் என்று பெயர் வைத்தவர் என் வீட்டுக்காரர்.
தெருவில்தான் படுக்கும்,
என் வாசலுக்கு நேரான தெருவில்.

"தெருநாயின்னா பத்து நாள் எப்படிக் கவனிப்பே?
செத்துட்டா, காணாமப் போனா,
தண்ணி குடிக்கலேன்னா
உடனே வந்து சொல்லணும்."
பேனா காத்திருந்தது.
எங்க நாய்தாங்க சிஸ்டர்.
அடித்துத் திருத்தினார்.
அதற்கு ஓர் ஆள் உண்டென்று
முதன்முதலில் எழுதிவைத்தது
காவேரிப்பட்டணம் அரசு ஆஸ்பத்திரிதான்.

கடித்ததற்குக் காரணம் இருக்கிறது.
மாங்காய் லோடு ஏற்றிய டெம்போ
பின்காலில் ஏறி இறங்கியிருந்தது.
தூக்கப் போனேன்.
கூழ் ஃபேக்டரியில்
சீசன் முழுக்கப் பெங்களூரா சீவிய கை இது,
எந்தச் சோப்புக்கும் மாம்பழம் போகாது.
ஷிப்டு முடிந்து வந்ததும்
விரல் விரலாக நக்கிப் பார்த்துத்தான்
என்னை வீட்டுக்குள் விடும்.
அன்று மெஷின் கழுவும் நாள்.
கையெல்லாம் பிளீச்சிங் பவுடர்.
வலியில் கண் மூடிக் கிடந்ததற்கு
அது யார் கை?
"பெத்த புள்ளைக்குக்கூட
இப்படி வக்கீலா நின்னதில்ல நீ"
என்றார் வீட்டுக்காரர்.

பல் இறங்கிய பிறகு
ஒரு நொடி அப்படியே நின்றது வாய்.
இறுக்கவும் இல்லை, விடவும் இல்லை.
பிறகு மெல்ல,
உடைந்துவிடும் என்பதுபோல,
என் கையைக் கீழே வைத்தது.

முதல் நாள்
அலுமினியக் கிண்ணத்தில் தண்ணீர் வைத்தேன்.
குடிக்கவில்லை.
சுவரைப் பார்த்துப் படுத்திருந்தது.
எனக்குத்தான் நாக்கு வறண்டது.
இரவு ஒன்றரை மணிக்கு
சளப், சளப்.
விளக்கைப் போடவில்லை.
யாரும் பார்க்காதபோது குடிக்க நினைத்ததை
கெடுப்பானேன்.
மிடறுகளை எண்ணினேன்.
இருபத்தாறு.

மூன்றாம் நாள்
இரண்டு தோளிலும் மறுபடி ஊசி.
காய்ச்சலில் முனகிக் கிடந்தேன்.
கட்டுப்போட்ட காலை இழுத்துக்கொண்டு
நிலைப்படி வரை வந்தது,
மூக்கை மட்டும் உள்ளே நீட்டி
என் மூச்சைக் கேட்டுவிட்டுப் போனது.
அரைமணி கழித்து மறுபடி வந்தது.
யாரை யார் கவனிக்க வேண்டும் என்று
சிஸ்டர் சரியாகச் சொல்லவில்லையோ.

ஐந்து நாளாகக் குரைக்கவே இல்லை.
ஆறாம் நாள்
பால்காரர் திம்மராஜைப் பார்த்துக் குரைத்தது.
அவரை உட்காரவைத்து
டீ போட்டுக் கொடுத்தேன்.
எதற்கென்று அவருக்கு இன்றுவரை தெரியாது.

எட்டாம் நாள் காணோம்.
கறிக்கடைப் பின்புறம் இல்லை,
தென்பெண்ணைப் பாலத்தடியில் இல்லை.
பஸ் ஸ்டாண்டில் நின்று
கிளீனர், கிளீனர் என்று கத்தினேன்.
நிஜக் கிளீனர்கள் இரண்டு பேர் திரும்பினார்கள்.
அழுகையிலும் சிரிப்பு வந்துவிட்டது.
கடைசியில் கிடைத்தது,
காலில் ஏறிய அதே டெம்போவின் அடியில்,
நிழலுக்குப் படுத்து
நல்ல தூக்கத்தில்.

பத்தாம் நாள் ஊசி கிடையாது.
இருந்தும் போனேன்.
இருக்குதுங்க சிஸ்டர், நல்லா இருக்குது.
அவர் இப்போது தலை தூக்கினார்.
"உசிரோட இருக்குன்னு சொல்ல
யாரும் வர்றதில்லம்மா."
நோட்டில் என் பெயருக்குப் பக்கத்தில்
நாய் நலம் என்று எழுதினார்.

சீசன் முடிந்துவிட்டது.
கையில் மாம்பழமும் இல்லை, பவுடரும் இல்லை.
நீட்டினேன்.
யாரோ கொடுத்த முகவரியைச் சரிபார்ப்பதுபோல
வெகுநேரம் மோந்தது.
தழும்பில் வந்து நின்றது.
தன் பல்லின் அளவு தெரியாமலா இருக்கும்.
ஒன்றும் செய்யாமல் நொண்டிப் போய்
தண்ணீர் குடித்தது.

"பத்து நாள் முடிஞ்சுதே, தூங்கேன்"
என்கிறார் வீட்டுக்காரர்.
பதினெட்டு, பத்தொன்பது,
இருங்க.