விடை ஆறு அல்ல

நாற்பத்தொரு விடைத்தாள்.
இருபத்திரண்டு பார்த்தாயிற்று.
பதினேழில் ஆறு என்றிருக்கிறது.

மறை நாலின் வர்க்கமூலத்தை
மறை ஒன்பதின் வர்க்கமூலத்தால் பெருக்குக.
மூன்றாம் கேள்வி, பகுதி அ. நான்தான் போட்டேன்.
இலகுவானது என்று நினைத்துப் போட்டேன்.

மல்லாவியில் இன்றைக்கும் கரண்ட் இல்லை.
சார்ஜ் லைற்றில் ஈசல் விழுகிறது.
ஒரு சிறகு நிதர்சனனின் மூலக்குறிக்கு மேலேயே
ஒட்டிக்கொண்டது.
ஊதினேன், போகவில்லை.

என்ன செய்திருக்கிறார்கள் என்றால்
இரண்டு கூரையையும் கழற்றி
ஒரே நீளக் கூரையாய்ப் போட்டு
இரண்டு மறையையும் அதற்குள் தள்ளியிருக்கிறார்கள்.
மறையை மறையால் பெருக்க நேர்.
முப்பத்தாறு.
அதன் மூலம் ஆறு.
அடிமட்டம் வைத்து இரட்டைக் கோடு வேறு.

நேர் எண்களுக்குச் சரியாய் வந்த விதிதான்.
ஒன்று மட்டும் மறையென்றாலும் பிழை வராது.
இரண்டும் மறையாகும்போதுதான்
சத்தமில்லாமல் பொய் சொல்லும்.
அதை நம்பினால்
ஒன்றும் மறை ஒன்றும் சமன் என்று நிறுவிவிடலாம்.
நிறுவியும் இருக்கிறார்கள்.

வீட்டுத்திட்டத்துக்குப் பதிய வந்தவர்
தகரத்தை அண்ணாந்து பார்த்தார்.
மச்சாளின் ஆள் இல்லை.
என்னுடைய ஆளும் இல்லை.
"ரெண்டு பேரும் சேந்துதானே இருக்கிறியள்,
ஒருத்தருக்கு ஒருத்தர் துணை.
அப்ப ஒரு குடும்பம்."
ஒரு பெட்டியில் ஒரு சரி.
புள்ளி காணாது என்று பிறகு கடிதம் வந்தது.
மச்சாள் அதை எட்டாய் மடித்து
ஆடுகிற மேசைக்காலுக்குக் கீழே வைத்தாள்.
அந்த மேசையில்தான் திருத்துகிறேன்.

பெருக்க முதல்
ஒவ்வொரு கூரைக்குள்ளும் தனித்தனியே போய்வர வேண்டும்.
மறை நாலிலிருந்து ஓர் ஐயை வெளியே கூட்டி வா:
இரண்டு ஐ.
மறை ஒன்பதிலிருந்து இன்னொன்றை:
மூன்று ஐ.
அதற்குப் பிறகு பெருக்கு.
ஐயின் வர்க்கம் மறை ஒன்று.
விடை மறை ஆறு.

கற்பனை எண் என்று யார் பெயர் வைத்தார்களோ.
மெய் அச்சில் தேடினால் இல்லைத்தான்.
பூச்சியத்தில் கால் ஊன்றி
செங்குத்தாய் நிற்கிறது அது,
தேடுகிறவர்கள் நிமிர்ந்து பார்க்காத பக்கம்.

தமிழில் ஐ உருபு.
தனியே நிற்காது, ஒரு பெயர் கேட்கும்.
யாரைத் தேடுகிறீர்கள் என்றிருந்தது மற்றப் படிவத்தில்.
ஒரு வீடுதானே,
ரெண்டு பேரையும் ஒண்டாய் எழுதுங்கோ என்றான் மேசைக்காரன்.
மச்சாள் பேனையை மூடினாள்.
"எனக்கு வேற தாள் தாங்கோ தம்பி."
எட்டாம் வகுப்போடு நின்றவள்.
பதினெட்டு வருசம் இணைந்த கணிதம் படிப்பித்த நான்
அவளுக்குப் பின்னால்
ஒரே பெட்டிக்குள் இரண்டு பெயரும் கொள்ளுமா என்று
அளந்துகொண்டு நின்றேன்.

இருபத்துமூன்றாவது தாள், யாழிசையினுடையது.
ஆறு என்று எழுதி வெட்டியிருக்கிறாள்.
பக்கத்தில் மறை ஆறு. செய்கை ஒன்றுமில்லை.
ஓரத்தில் பென்சிலால்:
ஆறு வர ஏலாது ரீச்சர், ஏனெண்டு தெரியேல்ல.

செய்கை இல்லாவிட்டால் ஒரு புள்ளி. அதுதான் திட்டம்.
ஒன்று போட்டேன்.
துணுக்காய்ப் பக்கம் யானைவெடி கேட்டது.
மச்சாள் புரண்டு படுத்தாள்.
ஒன்றை வெட்டி மூன்று போட்டேன்,
வெட்டின இடத்தில் கையெழுத்தும் வைத்தேன்.

இன்னும் பதினெட்டு.