இடது வலது இடது வலது

சின்னப்பாலத்தில் வாடகைக்கு எடுத்த அறை.
முன்பு ஐஸ் பெட்டி அடுக்கிய இடம்,
மீன்வாடை இன்னும் சுவரை விடவில்லை.
ஒரு கட்டில், கொசுவலை,
இன்வெர்ட்டர், மடிக்கணினி,
இருளாயியின் தலையில் பசை தடவி ஒட்டிய
ஒன்பது கம்பிகள்.

"மாட்டுக்குக்கூட இத்தன கயிறு கட்டமாட்டாக" என்றாள்.

தூங்கும்போது
சந்தேகப்படும் பகுதிதான் முதலில் தூங்குகிறது.
மற்றதை உறங்கவிட்டு
அதை மட்டும் தட்டி எழுப்புவது என் ஆராய்ச்சி.
கனவுக்குள் இருந்துகொண்டே
இது கனவென்று தெரிந்துவிட்டால்
கண்ணை உருட்ட வேண்டும்,
இடது வலது இடது வலது.
கைகால் நங்கூரமிட்டுக் கிடக்கும்,
கண் மட்டும் ஆடலாம்.
அது ஆடினால் என் திரையில் கோடு ஆடும்.
இவ்வளவுதான் ஏற்பாடு.

தெரிவது எப்படி?
பயிற்சி ஏட்டில் முதல் சோதனை:
பகலில் பத்துத் தடவை மூக்கைப் பொத்திக்கொண்டு
மூச்சை இழுத்துப் பார்.
வந்தால் கனவு. வராவிட்டால் விழிப்பு.
வாசித்துக் காட்டினேன்.
அவள் என்னை ரொம்ப நேரம் பார்த்தாள்.

"ரெண்டு பாகம் தண்ணிக்குக் கீழ
மரிக்கொழுந்துப் பாசி அறுக்கையில
பழக்கதோசத்துல இழுத்துப் பாத்தேன்னு வையி.
பதில யாருட்ட வந்து சொல்ல?"

கீழக்கரைக்காரி நான்.
கடல் எனக்கு
வாப்பா வீட்டு மொட்டைமாடியிலிருந்து தெரியும் ஒரு நிறம்.
அந்த வரியை அடித்தேன்.
ஓரத்தில் காரணம் எழுதினேன்:
பங்கேற்பாளரின் தொழில்.

இரண்டாவது சோதனை, விரல்களை எண்ணுவது.
அதற்கும் சிரித்தாள்.
பழைய கைலியைக் கிழித்துச் சுற்றிய விரல்கள்,
எண்ணினால் துணிதான் வரும்.

பதினோரு இரவுகள்
கச்சான் தகரத்தை அடித்துக்கொண்டே இருந்தது.
கனவு வந்தது, அறிவு வரவில்லை.
ஒரு கனவில் வனத்துறைப் படகு துரத்திவந்து
பாசி மூட்டையைப் பிடுங்கிக்கொண்டதாம்.
"அப்பவே சுதாரிச்சிருக்கணும் புள்ள,
ரசீது குடுத்தாக."

பன்னிரண்டாம் இரவு, நாலு இருபது.
தாடைக் கோடு தளர்ந்து படுத்துவிட்டது.
கண் கோடு மட்டும்
இடது வலது
இடது வலது.
டீ என் மடியில் கொட்டியது.

பத்து எண்ணி மறுபடி ஆட்ட வேண்டும் என்பது பேச்சு.
பத்து போயிற்று.
இருபது. முப்பது.
கொசுவலைக்குள் மூச்சு சீராக ஏறி இறங்கியது.
நாற்பத்தேழாவது நொடியில்
அவசரமே இல்லாமல்
இடது. வலது. இடது. வலது.

எழுப்பினேன். எப்படித் தெரிஞ்சது?

"எரியல."

என்ன எரியல?

"முயல் தீவுக்குத் தெக்க, அடியில கெடக்கேன்.
விரல்ல துணியில்ல.
பாறை கீறுன காயம் அம்புட்டும் இருக்கு.
உப்புத்தண்ணி. எரியல.
அப்ப இது கடலில்ல."

பறந்தீங்களா? வேற ஊருக்குப் போனீங்களா?
யாரையாவது வரவழைச்சீங்களா?
படிவத்தில் இன்னும் ஒன்பது கட்டங்கள் இருந்தன.

"உக்காந்திருந்தேன்.
பாசி கைக்கெட்டுற தூரத்துல ஆடிக்கிட்டு நின்டுச்சு.
அறுக்கல.
இத்தன வருசத்துல அடியில சும்மா உக்காந்து பாத்ததில்ல ஜொகரா.
வெயிலு சல்லடைல சலிச்ச மாதிரி எறங்குது.
மூச்ச இழுத்தேன், வந்துச்சு.
ஒன் கணக்கு ஞாபகம் இருந்துச்சு.
கொஞ்சம் கழிச்சு ஆட்டிக்கிருவோம்னு விட்டுட்டேன்."

முந்தானையால் நெற்றிப் பசையைத் துடைத்தாள்.
"அமாவாசை நீர்வத்து. ஆறு நாளைக்கு என்னய எதிர்பாக்காத."

விடியாத கரையில்
அலுமினியத் தட்டைக் காலில் கட்டிக்கொண்டு
விரல் துணியைப் பல்லால் இறுக்குவது
சன்னல்வழி தெரிந்தது.

கனவில் செய்த செயல்:
எதுவுமில்லை என்று அடித்தேன். அழித்தேன்.
காலிக் கட்டத்தைப் படிவம் ஏற்க மறுத்தது.
'மற்றவை' என்று போட்டேன்.